சீனிவாசராகவன் பேசாத ஒரு நிமிடம்

எனக்குக் காபி ஒத்துக்கொள்ளாது. குடித்தால் நெஞ்சு எரியும். இருந்தாலும் அரசியல்வாதிகள் வீட்டில் நீட்டிய காபியை இத்தனை வருடத்தில் ஒரு நாளும் வேண்டாம் என்று சொன்னதில்லை. கையில் தம்ளரோடு உட்கார்ந்திருப்பவனை யாரும் எழுந்து போகச் சொல்வதில்லை. ஆற்றி ஆற்றிக் குடித்தால் கால் மணி நேரம் கிடைக்கும். என் தொழிலில் பாதி அந்தக் கால் மணி நேரத்தில் நடந்ததுதான்.

என் வேலையைப் பற்றி நீங்கள் ஒரு படம் எடுக்கப்போவதாகச் சொன்னபோது சந்தோஷப்பட்டேன், நிருபமா. பிரேசர் டவுனில் ஒரு தையல்காரர் மகனாகப் பிறந்த இந்த லாயிட், அமைச்சர்களையும் தூதர்களையும் ஆவணப்படம் எடுத்தவன் என்று பெயர் வாங்கியது சின்ன விஷயம் இல்லை. ஆனால் நீங்கள் அனுப்பிய கேள்விகள் எங்கே சுற்றினாலும் ஒரே காட்சிக்கு வந்து நிற்கின்றன. நான் எடுத்த ருத்ரப்பா படத்தில் சீனிவாசராகவன் பதில் சொல்லாமல் உட்கார்ந்திருக்கும் காட்சி. அதை மாணவர்களுக்குப் போட்டுக்காட்டி, பேட்டி எடுப்பவனுக்குப் பொறுமை எப்படி இருக்க வேண்டும் என்று பாடம் நடத்துகிறார்களாம். வெட்டாத முழு ஒளிப்பதிவையும் கேட்டிருக்கிறீர்கள். தருகிறேன். தருவதற்கு முன் நானே சொல்லிவிடுவது மரியாதை. தொழில் விஷயம்தான், பயப்பட ஒன்றுமில்லை.

ருத்ரப்பா எண்பதுகளில் நம் கன்னட மாநிலத்தின் நீர்ப்பாசன அமைச்சர். ஆற்றுநீர்ப் பங்கீடு பேச டெல்லிக்குப் போன குழுவுக்கு அவர்தான் தலைவர். எவ்வளவு வரை விட்டுக்கொடுக்கலாம் என்று ஒரு கடைசிக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டு போனார்கள். அது மூன்று பேருக்குத்தான் தெரியும்: அமைச்சர், தலைமைப் பொறியாளர், அமைச்சரின் செயலாளராக இருந்த சீனிவாசராகவன். பேச்சு தொடங்கியதும் பக்கத்து மாநிலக் குழு நேராக அந்தக் கணக்கிலேயே வந்து உட்கார்ந்தது. அசையவில்லை. ஒப்பந்தம் அதிலேயே முடிந்தது. உள்ளே இருந்து யாரோ சொல்லிக்கொடுத்துவிட்டார்கள் என்ற பேச்சு அன்று கிளம்பியது, இன்னும் அடங்கவில்லை. ஊர்வாயை மூட உலைமூடி ஏது?

சீனிவாசராகவன் தமிழர். மைசூர் அரசாங்கக் காலத்திலிருந்து இங்கே வேரூன்றிய குடும்பம். கன்னடத்தில் அவர் எழுதிய கோப்புக் குறிப்பைப் பார்த்து மற்ற அதிகாரிகள் எழுதக் கற்றார்கள் என்பார்கள். ஆனாலும் தண்ணீர் என்று வந்தால் இந்த ஊரில் தமிழனை ஒரு கண் பார்த்துக்கொண்டேதான் இருக்கும். அந்தக் கண்ணுக்கு இடம் கொடுக்காமல் நாற்பது வருடம் நெருப்பு மாதிரி வாழ்ந்துவிட்டார் அவர். நானும் தமிழன், அந்தக் கண்ணை எனக்கும் தெரியும். வேறு யாருக்கும் பேட்டி கொடுக்காதவர் எனக்கு ஒப்புக்கொண்டது அதனால்தான்.

கணக்கைச் சொன்னது யார் என்பது எனக்கு முன்பே தெரியும். ருத்ரப்பாதான். அவருடைய பேட்டி முடிந்து, கேமராவை அணைத்த பிறகு, சட்டையில் மைக் இருப்பதை மறந்துவிட்டு அவரே சொன்னார். "நானே ஹேளிதே, பிடப்பா," என்றார். நானே சொன்னேன், விடப்பா. பேச்சு முறிந்திருந்தால் ஊர் எரிந்திருக்கும், எரிந்தால் முதலில் உங்கள் ஆட்கள் வீடுதான், அதனால் சொன்னேன் என்றார். நல்ல காரியம்தான் செய்திருக்கிறார். ஆனால் அவர் மகன் தேர்தலில் நிற்கப்போகிறார். விஷயம் வெளியே வரக்கூடாது என்று என் கையைப் பிடித்துக் கேட்டுக்கொண்டார். வாக்குக் கொடுத்தேன். படம் முடியும் முன்னால் அவர் இறந்துபோனார். செத்தவருக்குக் கொடுத்த வாக்கை மீறுகிற பழக்கம் எங்கள் வீட்டில் கிடையாது.

சீனிவாசராகவன் அப்போது எலெக்ட்ரானிக் சிட்டியில், மகன் ஸ்ரீஹர்ஷாவின் அடுக்குமாடி வீட்டில் இருந்தார். எண்பதைத் தாண்டிவிட்டவர். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, நெற்றியில் மெல்லிய ஸ்ரீசூர்ணம். அவர் மனைவி பாமா மாமி எங்களுக்காக மின்விசிறியை நிறுத்தி, குக்கரை இறக்கி, சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தார். ஒலிப்பதிவுக்கு என்னோடு வந்தவன் டிரேவர், ஜீவனஹள்ளிக்காரன், இருபது வருடக் கூட்டாளி.

பேட்டி நன்றாகப் போனது. டெல்லி விருந்தினர் மாளிகை, அங்கே கிடைத்த கேவலமான சாம்பார், ருத்ரப்பாவின் கோபம் எல்லாவற்றையும் சொன்னார். கணக்கு வெளியே போனது பற்றி நான் கேட்கவில்லை. கேட்டால் இல்லை என்பார், அந்த இல்லை எனக்கு எதற்கு என்று விட்டுவிட்டேன். கடைசியில், கேட்காமலே, வீணாவைப் பற்றிச் சொன்னார். மூத்த பெண். ஒன்பது வயதில் மஞ்சள் காமாலை. அவர் டெல்லியில் இருக்கும்போது டிரங்க் கால் வந்தது. மறுநாள் பேச்சுவார்த்தை, அமைச்சருக்கு இவரை விட்டால் ஆள் இல்லை. இருந்துவிட்டார். திரும்பி வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. "மாநிலத்துக்காகத்தான் இருந்தேன், லாயிட். கொழந்தைக்கு அது தெரியுமா?" என்றார். அதோடு பேட்டியை முடித்துக்கொண்டோம்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பேட்டி முடிந்ததும் எல்லாரையும் ஒரு நிமிடம் பேசாமல் உட்காரச் சொல்லி, அந்த அறையின் வெறும் சத்தத்தைப் பதிவுசெய்வோம். ரூம் டோன் என்பார்கள். எந்த அறையும் முழுக்க அமைதியாக இருப்பதில்லை. தூரத்து லாரி, குழாய், சுவருக்குள் ஓடும் கரண்ட் என்று ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு மூச்சு இருக்கிறது. படத்தை வெட்டி ஒட்டும் இடங்களில் அதைப் பூசினால் ஒட்டு தெரியாது. மற்றவர்கள் அதைப் பதிவுசெய்யும்போது கேமராவை அணைத்துவிடுவார்கள். நான் அணைப்பதில்லை. பேச வேண்டாம் என்று சொன்ன பிறகு மனிதர்களின் முகம் எப்படி ஆகிறது என்று பார்ப்பதில் எனக்கு ஒரு ஆசை. முதலமைச்சராக இருந்தவர்கள் மூக்கைக் குடைந்திருக்கிறார்கள். ஒரு தூதர் தூங்கியே போய்விட்டார். யாருக்கும் காட்டுவதற்கு இல்லை, நானாகச் சேர்த்து வைத்திருந்தேன்.

அன்றும் சொன்னேன். "சார், ரூம் டோன் ஒரு நிமிஷம். அப்படியே உக்காருங்க, பேச வேண்டாம்."

உட்கார்ந்தார். சொன்னால் சொன்னபடி செய்கிற மனிதர். முதலில் தன் கைகளைப் பார்த்தார். பிறகு கண் நிறைந்தது. துடைக்கக்கூட இல்லை, துடைத்தால் சத்தம் வரும் என்று நினைத்திருப்பார். ஒருமுறை என்னை நேராகப் பார்த்து வாயைத் திறந்தார், நான் சொன்னது ஞாபகம் வந்து மூடிக்கொண்டார். அவர் வீணாவை நினைத்துக்கொண்டிருந்தார் என்பது எனக்குத் தெரியும். அந்த அறையில் இருந்த யாருக்கும் தெரியும்.

படத்தை ஜீவனஹள்ளியில் டிரேவர் வீட்டு மாடியில் வைத்து வெட்டினோம். எல்லாம் இருந்தது, முடிவுதான் இல்லை. படத்தை வாங்கிக்கொண்ட ஓடிடி நிறுவனத்திலிருந்து ஸ்ரீலக்ஷ்மி என்ற பெண் வந்து பார்த்தாள். கெட்டிக்காரி. "யார் சொன்னா, யார் சொன்னான்னு ஒன்றரை மணி நேரம் இழுத்துட்டு கடைசில கையை விரிச்சா எப்படி சார்? ஒரு முகம் வேணும்," என்றாள். அவள் சொன்னது நியாயம். படம் பார்க்கிறவனை ஏமாற்றக்கூடாது.

தலைமைப் பொறியாளர் செத்து வெகுகாலம். ருத்ரப்பாவுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன். மிச்சம் யார் என்று நீங்களே சொல்லுங்கள். அதற்காக அவர் பேசியதை வெட்டித் திரித்தேன் என்று நினைத்துவிடாதீர்கள். அந்த மாதிரி மட்டமான வேலையை நான் செய்ததில்லை. அவர் பேசிய ஒரு சொல்லைக்கூடத் தொடவில்லை. டிரேவரின் மைக் முன்னால் உட்கார்ந்து என் குரலில் ஒரே ஒரு கேள்வியைப் பதிவுசெய்தேன். "சார், அந்தக் கணக்கை அவங்களுக்குச் சொன்னது நீங்களா?" அதற்கடியில் அவர் வீட்டு அறையின் சத்தத்தையே விரித்தேன். அந்த வீட்டில் உட்கார்ந்து கேட்டது போலவே இருந்தது. அதை அடுத்து அவருடைய அந்த ஒரு நிமிடம்.

டிரேவர் திரையைப் பார்த்துக்கொண்டே இருந்தான். "என்ன மேன் இது? நீ இந்தக் கேள்விய கேக்கவே இல்லையே. நான் அங்கதானே இருந்தேன்."

"கேட்டிருக்கணும்ல. இப்ப கேட்டுட்டேன்."

"அந்த மனுஷன் செத்த புள்ளைய நெனச்சு அழுவுறாரு, லாயிட். உனக்கு ஆண்டவன் பயமே இல்லையா?"

ஞாயிற்றுக்கிழமை தவறாமல் கோயிலுக்குப் போகிறவன் நான் என்று சொன்னேன். படத்தில் தன் பெயர் வரக்கூடாது என்று சொல்லிவிட்டு அவன் கீழே இறங்கிப் போனான். எடுத்துவிட்டேன். அதற்குப் பிறகு அவன் என்னோடு பேசுவதில்லை. ஆனால் வெளியிலும் பேசவில்லை. பதிவுசெய்தது அவன் இயந்திரத்தில்தானே.

படம் வந்த வாரமே அந்தத் துண்டு எல்லார் கைபேசிக்கும் போய்விட்டது. அதைப் பற்றி உங்களுக்குத் தெரியும். டிவியில் நாலு பேர் உட்கார்ந்து அவர் கண்ணீரை அலசினார்கள். துரோகி என்று கன்னடத்தில் எழுதி அவர் வீட்டுக் கதவில் ஒட்டினார்கள். ஸ்ரீஹர்ஷாவைக் குடியிருப்போர் வாட்ஸ்அப் குழுவிலிருந்து நீக்கினார்கள். மாலையில் அவரோடு நடக்கிற கிழவர்கள் வேறு பக்கம் நடக்கத் தொடங்கினார்கள். நாற்பது வருடம் காத்த பெயர் நாலு நாளில் போயிற்று. நான் இதை எதிர்பார்க்கவில்லை என்று சொன்னால் பொய். இவ்வளவு எதிர்பார்க்கவில்லை.

இங்கேதான் நீங்கள் கவனமாகக் கேட்க வேண்டும். இதுவரை சொன்னதெல்லாம் கத்தரி வேலை. இனிமேல் வருவதைத்தான் நான் யாரிடமும் சொன்னதில்லை.

அவர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். வக்கீல் நோட்டீஸ் வரும், சண்டை போடுவார் என்று நினைத்துக்கொண்டு மேம்பாலச் சாலையில் போனேன். மாமி கதவைத் திறந்தார். முகம் வீங்கியிருந்தது, ஆனாலும் காபி கொண்டுவந்து வைத்தார். அவர் அதே நாற்காலியில் அதே மாதிரி சட்டையில் இருந்தார். கோபமே இல்லை.

"லாயிட், ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். அந்தக் கேள்விய நீ எங்கிட்ட கேட்டியா? எத்தனை யோசிச்சாலும் எனக்கு ஞாபகம் வரலை."

சமையலறை வாசலில் இருந்து மாமி சொன்னார். "இவன் கேக்கலை. நான் உள்ளதான் இருந்தேன், எனக்குக் காது நன்னாக் கேக்கும். வீணாவைப் பத்திச் சொன்னேள், அப்புறம் சத்தமே இல்லை."

"நீ கதவைச் சாத்திண்டு இருந்தே, உனக்கென்ன தெரியும்? அவன் சொல்லட்டும்."

என்னையே பார்த்தார். நான் தம்ளரைக் கீழே வைத்தேன்.

"கேட்டேன் சார்," என்றேன். "நீங்க ரொம்ப நேரம் பதில் சொல்லலை."

அவர் தலையை ஆட்டினார். அரசாங்கத்தில் வாழ்நாளைக் கழித்தவர்களிடம் ஒரு குணம் உண்டு. தன் ஞாபகத்துக்கும் ரெகார்டுக்கும் தகராறு வந்தால் அவர்கள் ரெகார்டின் பக்கம்தான் நிற்பார்கள். கீழே இருப்பவர்களுக்கு அதைத்தான் சொல்லிக்கொடுத்தும் இருப்பார்கள். வேறொருவன் என்றால் போடா பொய்யா என்று என்னைத் துரத்தியிருப்பான். இவர் மாமி பக்கம் திரும்பி, "ரெகார்டுல இருக்கு, பாமா. அப்ப எனக்குத்தான் ஏதோ ஆயிடுத்து," என்றார். குரலில் ஒரு சின்ன வெட்கம் இருந்தது. சட்டையில் சாம்பார் சிந்திவிட்டவர் மாதிரி.

அப்போது உண்மையைச் சொல்லியிருக்கலாமே என்பீர்கள். நிதானமாக யோசித்துப் பாருங்கள். ஒரு படத்தில் எத்தனை பேர் உழைப்பு இருக்கிறது. அவருக்கும் எண்பது கடந்துவிட்டது. ஞாபகம் கொஞ்சம் முன்பின் ஆவது அந்த வயதில் பெரிய அவமானம் இல்லை. துரோகி என்பதைவிட மறதிக்காரர் என்பது கௌரவமானது என்றுகூட எனக்குத் தோன்றியது. அவருக்கு ஒரு வழி காட்டியதாகத்தான் நினைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அன்று நன்றாகத் தூங்கினேன்.

ஸ்ரீஹர்ஷா அவரை நரம்பு வைத்தியரிடம் கூட்டிப்போனான். வயதுக்கு மீறிய ஞாபகசக்தி என்று வைத்தியர் சொன்னார். இவர் நம்பவில்லை. தன்னையே சந்தேகப்படத் தொடங்கினார். மாத்திரை போட்டேனா, கதவைத் தாழ் போட்டேனா என்று மாமியைக் கேட்பார். பிறகு கேள்வி பின்னோக்கிப் போயிற்று. ஒருவேளை அன்று டெல்லியில் யாரிடமாவது சொல்லியிருப்பேனோ? குழந்தைக்கு உடம்பு சரியில்லை என்ற பதற்றத்தில், பக்கத்து மாநிலத்து அதிகாரி எவனாவது தமிழில் ஆறுதல் சொன்னபோது, வாய் தவறியிருக்குமோ? கேட்ட கேள்வியையே மறந்தவன் சொன்ன பதிலை மறந்திருக்க மாட்டானா? நாலைந்து மாதத்தில், தான்தான் சொல்லியிருக்கிறோம் என்றே அவர் முடிவுகட்டிவிட்டார்.

மறுபடி என்னைக் கூப்பிட்டார். "நான் மன்னிப்பு கேக்கணும். டிவிக்காராள்லாம் வேண்டாம். நீயே எடு, நீதான் எங்கிட்ட மரியாதையா நடந்துண்டே," என்றார்.

எடுத்தேன். மாமி அன்று வெளியே வரவில்லை. கேமராவை வைத்து, அந்தக் கேள்வியை அன்றுதான் முதல்முறையாக அவரிடம் கேட்டேன். அவர் யோசித்து, கன்னடத்தில் அழகாக, இலக்கணம் பிசகாமல் சொன்னார். நினைவில் இல்லை, ஆனால் சொல்லியிருக்கிறேன் என்றே நம்புகிறேன், இந்த மண்ணின் சோற்றைத் தின்றவன், மக்கள் என்னை மன்னிக்க வேண்டும். கைகூப்பினார். வெட்ட வேண்டிய இடமே இல்லாத பதிவு அது. ஒரு விதத்தில் அன்றிலிருந்து என் முதல் படமும் பொய்யில்லாமல் ஆகிவிட்டது. கேள்வி கேட்டாயிற்று, பதிலும் வந்தாயிற்று, வரிசைதான் கொஞ்சம் மாறியிருக்கிறது. அந்த மன்னிப்பை வைத்து எடுத்த இரண்டாவது படத்துக்குத்தான் எனக்கு விருது கிடைத்தது.

பிறகு அவர் சாப்பிடுவது குறைந்தது. தட்டை வைத்தால், "சாப்ட்டுட்டேன்னு நினைக்கிறேன்," என்பாராம். பட்டினி கிடக்க வேண்டும் என்று அல்ல, நிஜமாகவே அவருக்கு நிச்சயம் இல்லை. தை மாதம் இறந்தார். பழைய சகாக்கள் யாரும் வரவில்லை. நான் போயிருந்தேன்.

ருத்ரப்பா சொன்ன ஒலிப்பதிவு என்னிடம் பத்திரமாக இருக்கிறது. சீனிவாசராகவனின் முழு ஒளிப்பதிவும் இருக்கிறது. ரூம் டோனுக்கு உட்காரச் சொல்லும் என் குரல் அதில் தெளிவாகக் கேட்கும். எதையும் நான் அழிக்கவில்லை. ஆவணத்தை அழிப்பது மாதிரி பாவம் எங்கள் தொழிலில் இல்லை. இரண்டையும் ஒன்றாக வெளியிட்டால் அவர் பெயர் அன்றைக்கே துலங்கிவிடும். ஆனால் ருத்ரப்பாவின் மகன் இப்போது அமைச்சர். அவரைப் பற்றி ஒரு படம் பேசிக்கொண்டிருக்கிறோம்.

மாமியைப் போன மாதம் பார்த்தேன். இரண்டு மாதத்துக்கு ஒருமுறையாவது போய்வருவேன், பழம் வாங்கிக்கொண்டு. ஸ்ரீஹர்ஷா வேலைக்குப் போய்விட்டால் அவருக்குப் பேச ஆள் இல்லை. வயதாகிவிட்டது, மடியில் கைகளை வைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்தார். நான் கிளம்பும்போது கேட்டார்.

"நான் உள்ள இருந்தேன், எனக்கு ஒண்ணும் கேக்கலைன்னு அவர்ட்ட எத்தனையோ தரம் சொன்னேன். கடைசில எனக்கே சந்தேகம் வந்துடுத்துப்பா. நீ எல்லாரையும் எடுத்தவன், எல்லாம் தெரிஞ்சவன். சொல்லு. அவர் பண்ணினாரா?"

"இல்ல மாமி," என்றேன். "சார் அப்படிப் பண்ணியிருக்க மாட்டார். எனக்கு அதுல சந்தேகமே இல்ல."

அவர் அழுதார். என் கையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "ஊரே சொல்லித்து, பெத்த பிள்ளையும் நம்பித்து. நீ ஒருத்தன்தான் அவரை நம்பினே. நீ நன்னா இருக்கணும்," என்றார்.

உங்கள் படத்தில் என்னைப் பற்றி எதைச் சொன்னாலும் சொல்லுங்கள், நிருபமா, இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அந்த மனிதர் குற்றமற்றவர் என்பதில் கடைசிவரை கொஞ்சமும் சந்தேகப்படாதவன் இந்த ஊரில் நான் ஒருவன்தான், அதில் எனக்கு ஒரு சின்னப் பெருமை உண்டு.